சாப்டாங்க் ஆற்றை ஒட்டி வடக்கே: ஹாரியட் டப்மன் நடந்த தடம்

கிளம்புமுன்

மேரிலாண்டில் அடிமையாகப் பிறந்து 1849-ல் வடக்கே தப்பிய ஹாரியட் டப்மன், மற்ற அடிமைகளுக்காக 19 முறை தெற்கே திரும்பி வந்து 300 பேரை மீட்டார், அவர் தலைக்கு 40,000 டாலர் விலை வைத்திருந்தார்கள் என்று இன்னமும் பல இடங்களில் எழுதுகிறார்கள். பிற்காலத்தில் ஊதிப் பெருக்கிய கணக்கு அது. ஆவணங்களை ஒப்பிட்டுப் பார்த்த ஆய்வாளர்கள் இன்று சொல்வது சுமார் 13 பயணம், சுமார் 70 பேர். இதுபோக இன்னும் 50, 60 பேருக்கு வழி சொல்லிக் கொடுத்திருக்கிறார். எண்ணிக்கை குறைந்துவிட்டதே என்று தோன்றும். அந்த நிலத்தை நேரில் பார்த்தால் எழுபதே மலைப்பாக இருக்கும்.

மேரிலாண்டில் செசபீக் வளைகுடாவுக்குக் கிழக்கே இருக்கும் ஈஸ்டர்ன் ஷோர் பகுதியில் தொடங்கி, டெலவேர் வழியாக பிலடெல்பியா வரை போகும் பயணம் இது. தப்பிப் போவது துணிச்சல் மட்டும் போதும் வேலையாக இருக்கவில்லை. எந்த மாதம், எந்தக் கிழமை, யாருடைய உயிலில் என்ன எழுதியிருக்கிறது, தேடுதல் விளம்பரம் எப்போது அச்சாகும் என்பதையெல்லாம் கணக்குப் பார்த்துச் செய்த வேலை. ஒவ்வொரு ஊரிலும் அந்தக் கணக்கின் ஒரு துண்டு கிடைக்கும். கணக்கு பிசகினால் என்ன ஆனது என்பதும் கிடைக்கும்.

கார் இல்லாமல் இந்தப் பயணம் நடக்காது. மேரிலாண்ட் பகுதிக்கு மட்டும் 125 மைல் நீளத்துக்கு டப்மன் பெயரில் ஒரு சாலைத்தடம் வகுத்திருக்கிறார்கள். வரைபடமும் ஒலி வழிகாட்டியும் இலவசம். கேம்பிரிட்ஜைச் சுற்றியுள்ள டார்செஸ்டர் மாவட்டத்தின் தெற்கே போன் சிக்னலை நம்ப முடியாது, வீட்டிலேயே இறக்கி வைத்துக்கொள்ளுங்கள். நவம்பர் முதல் மார்ச் வரை நல்ல பருவம். ஜூலையில் போனால் கொசு வண்டிக்குள்ளேயே ஏறிவிடும். முழுக்கை சட்டை போட்டாலும் உண்ணி கடிக்கும். நண்டும் சிப்பியும்தான் இந்த ஊர்ச் சாப்பாடு. சைவக்காரர்கள் கையில் கட்டுச்சோறு வைத்திருப்பது நல்லது.

நாள் 1: ஈஸ்டன்

வாஷிங்டன் பக்கமிருந்து வந்தால் பே பிரிட்ஜைக் கடக்க வேண்டும். 4.3 மைல் நீளம். கிழக்கே போகும்போது மட்டும் சுங்கம். பணம் வாங்க ஆள் கிடையாது, ஈசி-பாஸ் இல்லாவிட்டால் நம்பர் பிளேட்டைப் படமெடுத்து பில் அனுப்பிவிடுவார்கள். கோடையில் வெள்ளிக்கிழமை மாலை இந்தப் பக்கம் தலைவைத்துப் படுக்கக் கூடாது, கடற்கரைக்குப் போகிற கூட்டம் மொத்தமும் இதன்மேல்தான்.

ஈஸ்டன் நீதிமன்ற வாசலில், அடிமையாகப் பிறந்து தப்பி, அடிமை ஒழிப்புப் பேச்சாளராகப் புகழ்பெற்ற ஃபிரெடெரிக் டக்ளஸின் சிலை 2011 முதல் நிற்கிறது. அதே வளாகத்தில், உள்நாட்டுப் போரில் அடிமை முறைக்காகப் போரிட்ட தென்தரப்புப் படையினருக்கும் ஒரு நினைவுச் சின்னம் இருந்தது. நெடுநாள் சண்டைக்குப் பிறகு 2022-ல்தான் அதைப் பெயர்த்து எடுத்தார்கள். பதினோரு ஆண்டுகள் இரண்டும் ஒரே புல்வெளியில் இருந்திருக்கின்றன.

டக்ளஸ் பிறந்தது இங்கிருந்து சில மைல் தள்ளி, டக்கஹோ ஓடையின் கரையில். தான் பிறந்த ஆண்டு 1817 என்று அவரே நினைத்துக்கொண்டிருந்தார். எஜமான் ஏரன் ஆன்டனியின் கணக்குப் புத்தகத்தில் 1818 பிப்ரவரி என்று இருக்கிறது. மாட்டுக் கன்று, குதிரைக் குட்டி பதிவதுபோலக் குழந்தையையும் பதிந்து வைத்ததால் நமக்கு மாதமாவது தெரிகிறது. டக்கஹோ கரையில் இப்போது அவர் பெயரில் ஒரு பூங்கா உண்டு. அவர் சிறுவனாக இருந்த வை ஹவுஸ் மாளிகை தனியார் சொத்து, உள்ளே விடமாட்டார்கள்.

ஈஸ்டனில் யோசித்துப் பார்க்க வேண்டியது 1836 ஈஸ்டர் சமயத்தில் தோற்றுப்போன திட்டம். செயின்ட் மைக்கேல்ஸ் பக்கத்துப் பண்ணையில் வேலை பார்த்த டக்ளஸும் கூட்டாளிகளும் சனிக்கிழமை இரவு ஒரு பெரிய தோணியை எடுத்துக்கொண்டு செசபீக்கில் வடக்கே போவதாக ஏற்பாடு. ஈஸ்டர் விடுமுறைக்கு பால்டிமோர் போக அனுமதி என்று எஜமான் எழுதியது போலவே ஆளுக்கொரு சீட்டை டக்ளஸ் எழுதிக் கொடுத்திருந்தார். திட்டத்தில் மூன்று ஓட்டைகள். விஷயம் தெரிந்தவர்கள் அதிகம், யாரோ சொல்லிவிட்டார்கள். வளைகுடாவில் தோணி வெகுதூரத்துக்குத் தெரியும். எழுத்தே சாட்சியாகிவிடும். கிளம்ப வேண்டிய நாள் காலையிலேயே பிடித்துவிட்டார்கள். டக்ளஸின் சீட்டு அடுப்பில் போனது. இன்னொருவர் தன் சீட்டை பிஸ்கட்டோடு சேர்த்து மென்று விழுங்கினார். சீட்டு கிடைக்காததால் வழக்கும் நிற்கவில்லை. கட்டி இழுத்து வந்து ஈஸ்டன் சிறையில் அடைத்தார்கள், அடிமை வியாபாரிகள் வந்து பார்த்துப் போனார்கள். ஆழ்தெற்குக்கு விற்காமல் எஜமான் அவரை பால்டிமோருக்குத் திருப்பி அனுப்பியது அவர் அதிர்ஷ்டம்.

1838 செப்டம்பர் 3 அன்று அவர் மறுபடி கிளம்பியபோது அந்த மூன்று ஓட்டையும் இல்லை. கூட்டமில்லை, மாலுமிச் சட்டை போட்டுக்கொண்டு, வேறொருவரின் மாலுமிச் சான்றை வாங்கி வைத்துக்கொண்டு ரயில் ஏறினார். சான்றில் எழுதியிருந்த அங்க அடையாளம் அவருக்குப் பொருந்தவில்லை. அமெரிக்கக் கழுகு முத்திரையைப் பார்த்ததும் கண்டக்டர் நகர்ந்துவிட்டார். மறுநாள் நியூயார்க்.

நாள் 2: கேம்பிரிட்ஜ்

ஈஸ்டனிலிருந்து அரை மணி நேரத்துக்கும் குறைவு. பாலத்தில் போகும்போது கீழே விரிவது சாப்டாங்க் ஆறு, கடல் போல இருக்கும். வடகிழக்கே போகப் போகக் குறுகி, டெலவேர் எல்லையருகே கால்வாயாகச் சுருங்கிவிடும். ஆற்றை இடப்பக்கமோ வலப்பக்கமோ வைத்துக்கொண்டு மேலே நடந்தால் டெலவேர் வந்துவிடும் என்பது எழுதப் படிக்கத் தெரியாதவருக்கும் போதுமான வரைபடம்.

ரேஸ் தெருவில் தொண்டர்கள் நடத்தும் சிறிய டப்மன் அருங்காட்சியகம் இருக்கிறது. திறந்திருக்கும் நேரம் குறைவு, முதலில் விசாரித்துக்கொள்ளுங்கள். பூட்டியிருந்தாலும் பக்கச் சுவர் ஓவியத்தைப் பார்க்கலாம். இடிந்த செங்கல் சுவருக்கு அப்பாலிருந்து டப்மன் கை நீட்டுவதாக 2019-ல் வரைந்தது. படமெடுக்க வருபவர்கள் எல்லாரும் அந்தக் கையோடு கை வைத்துத்தான் நிற்கிறார்கள்.

நீதிமன்றத்துக்கு நடந்தே போகலாம். இப்போதுள்ள கட்டடம் 1854-ல் கட்டியது, முந்தையது தீயில் போனது. அந்தப் பழைய நீதிமன்றப் படிக்கட்டில் 1850 டிசம்பரில் ஓர் ஏலம் நடந்தது. ஏலத்துக்கு விட்டது டப்மனின் அக்கா மகள் கெஸையாவையும் அவருடைய இரண்டு குழந்தைகளையும். கெஸையாவின் கணவர் ஜான் பௌலி அடிமை அல்ல, கப்பல் தச்சர். கூட்டத்தில் அவரும் நின்று ஏலம் கேட்டார், அவருக்கே விழுந்தது. ஏலக்காரர் சாப்பிடப் போனார். திரும்பி வந்து பணம் கேட்டபோது பணம் கட்ட ஆளில்லை. மறு ஏலம் தொடங்கலாம் என்று பார்த்தால் தாயும் குழந்தைகளும் இல்லை. பக்கத்திலேயே ஒரு வீட்டில் ஒளித்துவிட்டார்கள். இரவானதும் பௌலி மூவரையும் மரத் தோணியில் ஏற்றி, குளிர்கால வளைகுடாவில் பால்டிமோருக்கு ஓட்டினார். அங்கே டப்மன் காத்திருந்தார்.

நடுப்பகலில், நீதிமன்ற வாசலில், ஏல விதியில் இருந்த ஓர் ஓட்டையைப் பயன்படுத்தி நடந்தது இது. கேட்டவர் உடனே பணம் வைக்க வேண்டும் என்றிருந்தால் நடந்திருக்காது. மேரிலாண்டின் இந்தப் பகுதியில் கறுப்பினத்தவரில் கிட்டத்தட்டப் பாதிப் பேர் சுதந்திரமானவர்கள். கணவன் சுதந்திரம், மனைவி அடிமை என்ற குடும்பங்கள் தெருவுக்குத் தெரு. கறுப்பர் ஒருவர் ஏலத்தில் நிற்பதோ படகு ஓட்டுவதோ இங்கே யார் கண்ணையும் உறுத்தவில்லை. அடிமைகள் தப்ப உதவிய ரகசிய ஏற்பாடான ‘அண்டர்கிரவுண்ட் ரயில்ரோடு’ என்றதும், அடிமை முறையை எதிர்த்த குவேக்கர் என்ற கிறிஸ்தவப் பிரிவைச் சேர்ந்த வெள்ளைக்காரர்கள் வீட்டு நிலவறை நினைவுக்கு வருகிறதல்லவா, ஈஸ்டர்ன் ஷோரில் அதன் பெரும்பங்கு சுமை பௌலி போன்றவர்கள் தோளில்தான் இருந்தது.

நாள் 3: சதுப்பு நிலம்

சர்ச் கிரீக்கில் இருக்கும் டப்மன் பார்வையாளர் மையத்தில் தொடங்குங்கள். 2017-ல் திறந்தது, அனுமதி இலவசம், திங்களன்று போகாதீர்கள். அதை ஒட்டியே பிளாக்வாட்டர் வனவிலங்குச் சரணாலயம். சிறு கட்டணம் கட்டி அதன் உள்சாலையில் மெதுவாக ஓட்டிப் போகலாம். கழுகுகளைப் பார்க்க வருபவர்கள்தான் இங்கே அதிகம்.

தண்ணீர் எங்கே முடிகிறது, தரை எங்கே தொடங்குகிறது என்று இங்கே சொல்ல முடியாது. ஓதம் ஏறினால் சாலையிலேயே உப்புத் தண்ணீர் நிற்கும். ஏற்ற நேரத்தைப் பார்த்துவிட்டுப் போங்கள், தேங்கிய நீரில் வண்டியை இறக்காதீர்கள். காட்டோரம் இறங்கி நடந்தால் காலடியில் ஸ்வீட்கம் மரத்தின் காய்கள் உருளும். கோலிக்குண்டைவிடச் சற்றுப் பெரிது, சுற்றிலும் முள். செருப்புக் காலே தடுமாறும். வெறுங்காலோடு, இருட்டில், இதன்மேல் ஓட வேண்டியிருந்தது.

டப்மன் 1822 வாக்கில் பிறந்தார். வைத்த பெயர் அராமின்டா ராஸ், வீட்டில் மின்டி. ஆறேழு வயதில் வேறொருவரிடம் வாடகைக்கு விட்டபோது, அம்மை போட்டிருந்த உடம்போடு இடுப்பளவு குளிர்ந்த நீரில் இறங்கி மஸ்க்ராட் எலிப்பொறிகளைப் பார்க்க அனுப்பினார்கள். அப்பா பென் ராஸ் மரம் வெட்டும் குழுவின் மேஸ்திரி. வளர்ந்தபின் மின்டியும் அப்பாவோடு காட்டில் வேலை பார்த்தார், நாளுக்கு அரை கார்டு விறகு வெட்டுவார். அரை கார்டு என்றால் 64 கன அடி, 8 அடி நீளம், 4 அடி உயரம், 2 அடி ஆழத்துக்கு அடுக்கிய விறகு. தன் உழைப்பைத் தானே வெளியில் விற்றுக்கொள்ளும் உரிமைக்காக எஜமானுக்கு ஆண்டுக்கு 50, 60 டாலர் கட்டினார். மிச்சத்தில் 40 டாலருக்கு ஒரு ஜோடி எருது வாங்கினார்.

இந்த மரவேலைதான் அவருக்குப் பள்ளிக்கூடம். மேடிசன் போகும் 16-ஆம் எண் சாலையில் வண்டியை நிறுத்திப் பார்த்தால், நேர்கோடாக ஒரு வாய்க்கால் சதுப்பைக் கிழித்துக்கொண்டு போகும். ஸ்டூவர்ட் கால்வாய். 1810 முதல் 1832 வரை அடிமைகளும் சுதந்திரக் கறுப்பர்களும் மண்வெட்டியால் வெட்டியது. மரம் இதில் மிதந்து வளைகுடாவுக்குப் போகும், அங்கிருந்து கப்பலேறி பால்டிமோர். கப்பலில் வேலை பார்த்த கறுப்பு மாலுமிகள் திரும்பி வரும்போது செய்தி வரும்: எந்த ஊரில் யாரை நம்பலாம், எந்தத் துறையில் சோதனை, வடக்கே சட்டம் எப்படி. வயலில் மட்டும் வேலை பார்த்தவருக்கு இந்தச் செய்தி கிடைத்திருக்காது.

பென் ராஸின் குடிசை இருந்த இடத்தை அகழ்வாய்வாளர்கள் கண்டுபிடித்து 2021-ல் அறிவித்தார்கள். 1808-ஆம் ஆண்டு நாணயம் ஒன்று அந்தத் தேடலில் முதல் துப்பு. இடம் சதுப்புக்குள் ஆழத்தில் இருக்கிறது, போக முடியாது.

பக்டவுன் நாற்சந்தியில் ஒரு மரப்பலகைக் கடை. 1830-களின் நடுவில், கங்காணிக்குச் சொல்லாமல் கடைக்கு வந்த ஒரு பையனைத் துரத்திக்கொண்டு கங்காணி வந்தார். பிடித்துக் கட்ட உதவச் சொன்னபோது மின்டி மறுத்தார். ஓடியவன்மேல் எறிந்த இரண்டு பவுண்டு படிக்கல் மின்டியின் தலையில் விழுந்து மண்டை பிளந்தது. பேசிக்கொண்டிருக்கும்போதே தூக்கத்தில் ஆழ்ந்துவிடும் நோய் அதிலிருந்து சாகும்வரை இருந்தது. அந்த நோயோடுதான் பின்னாளில் இரவுப் பயணங்களை நடத்தினார், கூட வந்தவர்கள் அவர் விழிக்கும்வரை உட்கார்ந்திருக்க வேண்டியதாயிற்று. கடையை உள்ளே பார்க்க முன்கூட்டியே கேட்டுக்கொள்ள வேண்டும்.

1849 அக்டோபர் 3 தேதியிட்ட ஒரு விளம்பரத்தின் பிரதியை இந்தத் தடத்தில் பல இடங்களில் மாட்டியிருக்கிறார்கள், நின்று படியுங்கள். எஜமானி எலைசா ப்ரோடெஸ் கொடுத்தது. ஹாரி, பென், மின்டி மூவரும் செப்டம்பர் 17 திங்களன்று ஓடிவிட்டார்கள். மாநிலத்துக்கு வெளியே பிடித்தால் தலைக்கு 100 டாலர், உள்ளே பிடித்தால் 50. மின்டிக்கு வயது சுமார் 27, உயரம் ஐந்தடி, பார்க்க லட்சணமானவர் என்று வர்ணனை. ஓடியது 17-ஆம் தேதி, விளம்பரம் 3-ஆம் தேதி. இரண்டு வாரத்துக்கு மேல் இடைவெளி. மின்டி அப்போது வேறொருவரிடம் வாடகைக்கு வேலை பார்த்துக்கொண்டிருந்தார், ஆகவே ஓடிப்போன செய்தி எஜமானிக்குத் தாமதமாகவே எட்டியிருக்கும். சகோதரர்கள் இருவரும் பயந்து திரும்பிவிட்டார்கள், அவரையும் இழுத்துக்கொண்டு வந்தார்கள். பிறகு அவர் தனியாகவே கிளம்பிப் போனார்.

எதற்காக அந்த நேரத்தில் ஓடினார் என்பதற்கும் விடை கணக்கில் இருக்கிறது. 1849 மார்ச்சில் எஜமான் எட்வர்ட் ப்ரோடெஸ் இறந்தார், கடன் நிறைய. கடனை அடைக்க ஆட்களை விற்பார்கள். மூன்று அக்காமார் ஏற்கெனவே தெற்கே விற்கப்பட்டுத் தொலைந்திருந்தார்கள். சில ஆண்டுகளுக்கு முன் டப்மன் 5 டாலர் கொடுத்து ஒரு வக்கீலை வைத்துப் பழைய உயிலைத் தேடச் சொல்லியிருந்தார். எஜமானின் கொள்ளுப்பாட்டன் எழுதியது: அம்மா ரிட்டும் அவர் பிள்ளைகளும் 45 வயது வரைதான் உழைக்க வேண்டும். அம்மாவுக்கு 45 எப்போதோ தாண்டியிருந்தது. உயிலை யாரும் மதிக்கவில்லை. வழக்குப் போட வழியும் இல்லை.

நாள் 4: பாப்லர் நெக், பிரெஸ்டன்

இன்றைய இடங்களில் பலவும் தனியார் நிலம். சாலையோரம் நிறுத்திப் பார்த்துவிட்டு நகர வேண்டும். பிரெஸ்டன் அருகே லின்செஸ்டர் ஆலை நிற்கிறது. அடிமைகளும் சுதந்திரக் கறுப்பர்களும் மாவரைக்க ஒரே வரிசையில் நின்ற இடம். பக்கத்தில் குவேக்கர்களான லெவர்டன் குடும்பத்தின் செங்கல் வீடு, வெளியிலிருந்து பார்க்கலாம். அந்த வீட்டு மகன் ஆர்தரும் கறுப்பினத்து அண்டைவீட்டார் டேனியல் ஹப்பர்டும் தப்பியோடுபவர்களுக்கு உதவுவது 1858-ல் வெளியே தெரிந்து, கும்பல் கிளம்பியதால் ஊரைவிட்டே ஓடினார்கள்.

நேரம் இருப்பவர்கள் வெப் குடிசைக்குப் போகலாம். சுதந்திரக் கறுப்பரான ஜேம்ஸ் வெப் 1852 வாக்கில் கட்டியது. கோடாலியால் செதுக்கிய மரக்கட்டைகள், அடித்தளத்துக்குக் கப்பலில் பாரத்துக்கு ஏற்றி வந்த கற்கள். கீழே ஒரே அறை, மேலே பரண். கணப்பின் முன் தரையில் ஒரு குழி, பனியில் அழுகாமல் சர்க்கரைவள்ளிக் கிழங்கைப் போட்டு வைக்க. இந்த அறையில் மனைவி, நான்கு பிள்ளைகள், வயதான அப்பா எல்லாரும். மனைவி அடிமை.

பாப்லர் நெக்கில் சாலையோரப் பலகையைத் தவிரப் பார்க்க ஒன்றுமில்லை. ஆனால் மொத்தத் தடத்திலும் தெரிந்துகொள்ள அதிகம் இருப்பது இங்கேதான். 1854 கிறிஸ்துமஸ் சமயத்தில் டப்மன் தன் மூன்று தம்பி தமையன்களை இங்கிருந்து கூட்டிப் போனார்.

கிறிஸ்துமஸுக்கு மறுநாள் மூவரையும் விற்பதாக இருந்தது. டப்மன் பிலடெல்பியாவிலிருந்து ஒரு கடிதம் எழுத வைத்தார், அவருக்கு எழுதப் படிக்கத் தெரியாது. கடிதம் ஜேக்கப் ஜாக்சன் என்ற, படிக்கத் தெரிந்த சுதந்திரக் கறுப்பருக்கு. அவருடைய வளர்ப்பு மகன் எழுதியதுபோலக் கையெழுத்து. கறுப்பர்களுக்கு வரும் கடிதத்தை அஞ்சலகத்தில் பிரித்துப் படிப்பார்கள் என்பது தெரிந்ததுதான். சகோதரர்கள் ஜெபத்தில் விழித்திருக்கட்டும், சீயோன் கப்பல் வரும்போது ஏறத் தயாராக இருக்கட்டும் என்று வேத வாசகம் போல ஒரு வரி. வளர்ப்பு மகனுக்கு உடன்பிறந்தவர்களே கிடையாது என்பதால் படித்தவர்களுக்குச் சந்தேகம். ஜாக்சனைக் கூப்பிட்டுக் கேட்டார்கள். இது எனக்கு வந்ததாக இருக்காது, தலையும் புரியவில்லை வாலும் புரியவில்லை என்று தூக்கிப் போட்டுவிட்டு, நேராகப் போய் சகோதரர்களிடம் சொல்லிவிட்டார்.

கிளம்பியது 23-ஆம் தேதி, சனிக்கிழமை இரவு. டப்மன் பெரும்பாலும் சனியிரவைத்தான் வைத்துக்கொள்வார். ஞாயிறு அடிமைகளுக்கு ஓய்வு, உறவினர் பண்ணைக்குப் போவது வழக்கம், ஆளைக் காணோம் என்று யாரும் தேடமாட்டார்கள். அச்சகமும் ஞாயிறன்று மூடியிருக்கும், திங்களுக்கு முன் விளம்பரம் வராது. பருவம் பனிக்காலம்: டிசம்பரில் இங்கே இரவு பதினான்கு மணி நேரத்துக்கு மேல், ஜூனில் ஒன்பது. குளிரில் வெளியே ஆள் நடமாட்டமும் இருக்காது. கைக்குழந்தை இருந்தால் அழாமல் தூங்க அபின் கலந்த பேரகாரிக் மருந்து. பாதி வழியில் பயந்து திரும்ப நினைப்பவருக்குக் காட்ட இடுப்பில் ஒரு கைத்துப்பாக்கி. திரும்பிப் போனவரை அடித்தால் மற்ற எல்லாரும் மாட்டுவார்கள்.

அண்ணன் ராபர்ட்டின் மனைவிக்கு அன்றிரவு பார்த்துப் பிரசவ வலி. டப்மன் யாருக்காகவும் நேரத்தைத் தள்ளிப் போடுவதில்லை. ராபர்ட் குழந்தை பிறக்கும்வரை இருந்துவிட்டு, பின்னாலேயே ஓடி வந்து சேர்ந்துகொண்டார். பென்னுக்கு நிச்சயித்திருந்த ஜேன், தோட்டத்தில் ஒளித்து வைத்திருந்த ஆண் உடையை மாட்டிக்கொண்டு வந்தார். எல்லாரும் பாப்லர் நெக்கில் பெற்றோர் குடிசைக்கு எதிரே, மாட்டுத் தீனிக் கொட்டகையில் பகல் முழுக்கக் கிடந்தார்கள். மகன்கள் கிறிஸ்துமஸ் சாப்பாட்டுக்கு வருவார்கள் என்று அம்மா பன்றி அடித்து வைத்து வாசலையே பார்த்துக்கொண்டிருந்தார். அவரிடம் சொல்லவில்லை. சொன்னால் அழுகைச் சத்தம் ஊரைக் கூட்டிவிடும். அப்பா மட்டும் சாப்பாடு கொண்டுவந்தார், பிள்ளைகளைப் பார்க்காமல். வழியனுப்பக் கூட நடந்தபோதும் கண்ணைத் துணியால் கட்டிக்கொண்டார். விசாரணைக்கு வந்தவர்களிடம், என் பிள்ளைகளை இந்தக் கிறிஸ்துமஸில் நான் பார்க்கவேயில்லை என்று சொன்னபோது அதில் பொய் இல்லை.

மறு ஆண்டு பென் ராஸ், எப்போதோ விடுதலையாகியிருக்க வேண்டிய தன் மனைவியை எலைசா ப்ரோடெஸிடமிருந்து 20 டாலர் கொடுத்து வாங்கினார். 1857-ல் தப்பியோடியவர்களுக்கு இடம் கொடுத்ததாக அவர்மேல் சந்தேகம் விழுந்தது. கிழவர்களால் நூறு மைல் நடக்க முடியாது. டப்மன் ஒரு கிழட்டுக் குதிரை பிடித்து, வைக்கோலில் கழுத்துப்பட்டை திரித்து, பழைய வண்டிச் சக்கரம் இரண்டின் அச்சில் பலகை போட்டு, உட்காரவைத்துக் கூட்டிப் போனார்.

நாள் 5: டெலவேர்

டெலவேரும் அடிமை மாநிலம்தான். ஆனால் 1860 கணக்குப்படி அங்கே மிஞ்சியிருந்த அடிமைகள் 1,798 பேர். கறுப்பினத்தவரில் பத்தில் ஒன்பது பேருக்கு மேல் சுதந்திரமானவர்கள். மேரிலாண்டில் கறுப்பர் என்றால் அடிமை என்று வைத்துக்கொள்வார்கள், சுதந்திரம் என்று அவர்தான் நிரூபிக்க வேண்டும். டெலவேர் நீதிமன்றங்களில் தலைகீழ். எல்லை தாண்டியதும் ஆபத்து பாதியாகக் குறைந்தது இதனால். மிச்சமிருந்த பாதி ஆபத்து பணத்தாசையிலிருந்து வந்தது.

டோவரில் பழைய சிறை இப்போது இல்லை, கிரீன் என்ற சதுக்கத்தைச் சுற்றி நடக்கலாம். 1857 மார்ச்சில் டார்செஸ்டரிலிருந்து ஓடிவந்த எட்டுப் பேருக்கு வழிகாட்டியவர் தாமஸ் ஒட்வெல். டப்மனின் தடத்தில் நம்பகமான ஆள் என்று பெயரெடுத்தவர், கறுப்பர். எட்டுப் பேர் தலைக்கும் சேர்த்து 3,000 டாலர். அந்தப் பணத்தில் பங்குக்காக, தங்க இடம் என்று சொல்லி விடிகாலையில் சிறைக்கே கூட்டிக்கொண்டு வந்துவிட்டார். மாடியில் நிலா வெளிச்சத்தில் ஜன்னல் கம்பி தெரிந்ததும் அவர்களுக்குப் புரிந்தது. இறங்கி ஷெரீப் குடியிருந்த பகுதிக்குள் புகுந்தார்கள். ஹென்றி ப்ரெடோ கணப்பிலிருந்து தணலை வாரி அறையெங்கும் இறைத்து, ஜன்னலை உடைத்து வழி பண்ணினார். எட்டுப் பேரும் தப்பினார்கள்.

அதன் பின்விளைவை அனுபவித்தவர் ஈஸ்ட் நியூ மார்க்கெட்டின் போதகர் சாமுவேல் கிரீன். வீட்டைச் சோதித்ததில் கனடா வரைபடம், ரயில் நேர அட்டவணை, கனடாவிலிருந்த மகனின் கடிதம், அடிமை முறையை எதிர்த்து எழுதிய ‘அங்கிள் டாம்ஸ் கேபின்’ நாவல். மற்றவற்றை வைத்து வழக்கு நிற்கவில்லை. நாவல் வைத்திருந்ததற்குப் பத்து ஆண்டு சிறை. 1862-ல், மாநிலத்தைவிட்டுப் போக வேண்டும் என்ற நிபந்தனையோடு வெளியே விட்டார்கள்.

ஒடெஸாவில் குவேக்கர்களின் 1785-ஆம் ஆண்டு வழிபாட்டு வீடு மிகச் சிறியது, ஐந்து நிமிடம் போதும். நியூ காஸ்ல் நீதிமன்றத்தைத் தவறவிடாதீர்கள். 1848-ல் தாமஸ் காரெட், ஜான் ஹன் என்ற இரு குவேக்கர்களையும் ஓர் அடிமைக் குடும்பத்துக்கு உதவியதற்காக இங்கே விசாரித்தார்கள். நீதிபதிகளில் ஒருவர் ரோஜர் டானி, கறுப்பர் குடிமகனே ஆக முடியாது என்று 1857-ல் தீர்ப்பு எழுதியவர். காரெட்டுக்கு விதித்த அபராதம் 5,000 டாலருக்கு மேல், பிற்பாடு குறைத்துத் தீர்த்துக்கொண்டார்கள். அந்தக் கடனோடு அவர் இன்னும் பல ஆண்டுகள் அதே வேலையைச் செய்தார். வாழ்நாளில் சுமார் 2,700 பேருக்கு உதவியதாகக் கணக்கு.

வில்மிங்டன் ஆற்றங்கரைப் பூங்காவுக்கு டப்மன், காரெட் இருவர் பெயரும். அருகிலிருக்கும் மார்க்கெட் தெருப் பாலம் நகரத்துக்குள் நுழையும் வாய். 1856 நவம்பரில் டப்மனோடு வந்த ஜோ பெய்லியின் தலைக்கு மட்டும் 1,500 டாலர் விலை. மரவேலை மேஸ்திரி, எஜமானுக்குப் பெரிய நஷ்டம். பாலத்தில் காவல். காரெட் இரண்டு வண்டி நிறையக் கொத்தனார்களை ஏற்றி, பாட்டும் கூச்சலுமாகக் காலையில் பாலத்தைத் தாண்டித் தெற்கே அனுப்பினார். காவலர்கள் பார்த்துக்கொண்டார்கள். இருட்டியபின் அதே வண்டிகள் அதே கூச்சலோடு திரும்பின, பலகைக்கு அடியில் ஐந்து பேர் படுத்திருந்தார்கள். காலையில் பார்த்த வண்டியை யாரும் மறுபடி சோதிக்கவில்லை.

1854 டிசம்பர் 29 தேதியிட்ட காரெட்டின் கடிதம் ஒன்று உண்டு. டப்மனையும் கூட வந்த ஆறு ஆண்கள், ஒரு பெண்ணையும் முந்தின இரவு அனுப்பிவைத்ததாகவும், டப்மனுக்கும் ஒருவருக்கும் காலணி தேய்ந்து அற்றுப்போனதால் இரண்டு டாலர் கொடுத்ததாகவும், வாடகை வண்டிக்குத் தன் செலவில் ஏற்பாடு செய்ததாகவும் எழுதியிருக்கிறார். பாப்லர் நெக் கொட்டகையிலிருந்து வந்த அதே குழு. மேரிலாண்டிலிருந்து நான்கைந்து இரவில் ஒரு ஜோடிக் காலணி தீர்ந்திருக்கிறது.

நாள் 6: பிலடெல்பியா

வண்டியை ஓரிடத்தில் நிறுத்திவிட்டு நடங்கள். ஆறாவது தெருவும் லம்பார்டும் சேரும் இடத்தில் மதர் பெத்தேல் தேவாலயம். கட்டடம் 1890-ஆம் ஆண்டினது. நிலம் 1791 முதல் கறுப்பினத்தவர் கையைவிட்டுப் போகவில்லை.

வந்தவர்களில் பலரும் போய்ச் சேர்ந்தது அடிமை ஒழிப்புச் சங்க அலுவலகத்தில் வில்லியம் ஸ்டில் என்பவரிடம். பெயர், பழைய பெயர், எஜமான், உடன்பிறந்தோர், எந்த வழியாக வந்தார், எவ்வளவு செலவு என்று வரிவரியாக எழுதி வைத்தார். இது ஆபத்தான பழக்கம். சிக்கினால் எழுதியதே சாட்சி. ஆனாலும் விடவில்லை. 1850-ல் தெற்கேயிருந்து தாயைத் தேடி வந்த ஒரு நடுத்தர வயதுக்காரரிடம் கேள்வி கேட்டுக்கொண்டே வந்தபோது, அவர் சொன்ன தாய் தந்தை பெயர் தன் தாய் தந்தை பெயராக இருந்தது. ஸ்டில் பிறப்பதற்கு முன்பே தாய் விட்டுவிட்டு வரவேண்டியிருந்த அண்ணன் பீட்டர்தான் அவர். அதன்பின் ஸ்டில்லின் பதிவுகள் இன்னும் நுணுக்கமாயின. ஆபத்து முற்றியபோது குறிப்புகளைக் கல்லறைத் தோட்டக் கட்டடம் ஒன்றில் ஒளித்து வைத்து, 1872-ல் புத்தகமாகப் போட்டார். டப்மனின் தம்பி தமையன்கள் பற்றிய இத்தனை விவரமும் நம்மிடம் இருப்பதற்கு அவரும் காரணம். லோக்கஸ்ட் தெருவில் இருக்கும் பென்சில்வேனியா வரலாற்றுச் சங்கத்தில் அவருடைய ஒரு பேரேடு இருக்கிறது; இணையத்திலும் பார்க்கலாம்.

பிலடெல்பியாவோடு பயணம் முடிந்துவிடாதா என்றால், 1850 வரை முடிந்தது. அந்த ஆண்டு வந்த தப்பியோடிய அடிமைகள் சட்டத்தின்படி ஓடிவந்தவரை எஜமானிடம் திருப்பி அனுப்பினால் விசாரணை கமிஷனருக்கு 10 டாலர் கூலி, விடுவித்தால் 5. உதவியவருக்கு ஆறு மாதம் சிறை, 1,000 டாலர் அபராதம். அதற்குப்பின் டப்மன் தன் ஆட்களை நயாகராவைத் தாண்டி கனடாவின் செயின்ட் கேத்தரின்ஸ் வரை கொண்டுபோய் விட்டார்.

இன்னும் இரண்டு நாள் கையில் இருந்தால் நியூயார்க் மாநிலத்தின் ஆபர்னுக்கு ஓட்டிவிடுங்கள், பிலடெல்பியாவிலிருந்து நான்கரை மணி நேரம். செனட்டராக இருந்த வில்லியம் சீவர்ட் 1859-ல் 1,200 டாலருக்கு, தவணையில், ஏழு ஏக்கரும் வீடும் டப்மனுக்கு விற்றார். சட்டப்படி அவர் இன்னும் தப்பியோடிய அடிமை. உள்நாட்டுப் போரில் உளவாளியாகவும் செவிலியாகவும் இருந்தார். 1863 ஜூன் 2 அன்று தென் கரோலினாவின் கம்பாஹீ ஆற்றில் படகுகளோடு போய் 700 பேருக்கு மேல் விடுவித்த தாக்குதலுக்கு வழிகாட்டியவர் அவர். அந்த வேலைக்கான ஓய்வூதியத்துக்கு முப்பது ஆண்டுகளுக்கு மேல் அலைந்தார். 1895-ல் கிடைத்த மாதம் 8 டாலரும் படைவீரராக இருந்த கணவரின் விதவை என்ற முறையில். 1899-ல் செவிலி வேலையைச் சேர்த்து 20 ஆக்கினார்கள். உளவு வேலைக்கு ஒரு சல்லியும் இல்லை.

அந்த நிலத்துக்குப் பக்கத்தில் வாங்கிய 25 ஏக்கரில் வயதான கறுப்பினத்தவருக்கு ஓர் இல்லம் நடத்த ஆசைப்பட்டு, நடத்தும் பொறுப்பைத் தன் சபையிடம் 1903-ல் எழுதிக் கொடுத்தார். இல்லம் 1908-ல் திறந்தது. சேர்வதற்கு நூறு டாலர் கட்டணம் என்று சபை விதி போட்டதும் சண்டைக்குப் போனார்: கையில் காசே இல்லாதவர்களைத்தான் சேர்க்க வேண்டும் என்பது அவர் கட்சி. அந்த இல்லத்துக் கட்டடத்தை வழிகாட்டியோடு சுற்றிப் பார்க்கலாம். குளிர்காலத்தில் நேரம் மாறும், கிளம்புமுன் போன் செய்து கேட்டுக்கொள்ளுங்கள்.